ஆபர்ன் 2013: அதிர்ஷ்டம் எவ்வளவு, ஆட்டம் எவ்வளவு?

அமெரிக்கக் கல்லூரிக் கால்பந்தை இப்போதுதான் பார்க்க ஆரம்பித்திருக்கும் ஒருவரின் கேள்வி: "அலபாமாவுக்கு எதிராகக் கடைசி நொடியில் ஆபர்ன் வீரர் மைதானம் முழுக்க ஓடி ஜெயித்த வீடியோவை எல்லோரும் காட்டுகிறார்கள். அந்த 2013 சீசனே அதிர்ஷ்டத்தில் ஓடியதுதான் என்கிறார்கள். உண்மையா? முழு ஆட்டமாகப் பார்ப்பதென்றால் எதில் தொடங்கலாம்?"

அதிர்ஷ்டம் இருந்தது, மறுக்க முடியாது. ஒரு ஆட்டத்தை அப்பட்டமாக அதிர்ஷ்டம்தான் ஜெயித்துக் கொடுத்தது. ஆனால் எல்லோரும் காட்டுகிற அந்த அலபாமா வீடியோ அந்த ஆட்டம் அல்ல. அதோடு, அந்த வருடம் ஆபர்ன் எப்படி விளையாடியது என்பதை அந்தச் சில நொடிகளில் தெரிந்துகொள்ளவே முடியாது. அந்த அணியை ஆபர்ன் ஆக்கியது அதன் ஓட்டம். அதைச் சொல்லாமல் மற்றதைச் சொன்னால் பாதிக் கதைதான்.

விதி ஒரு நிமிடம். பந்து வைத்திருக்கும் அணிக்கு நான்கு முயற்சிகள், அதற்குள் பத்து யார்டு முன்னேற வேண்டும். முன்னேறினால் புதிதாக நான்கு. பந்தோடு எதிரணியின் எண்ட் ஜோனுக்குள், அதாவது மைதானத்தின் அந்தக் கோடிப் பகுதிக்குள், போய்விட்டால் டச்டவுன், ஆறு புள்ளி. கூடவே உதைத்து ஒன்று எடுக்கலாம். தூரத்திலிருந்தே கம்பங்களுக்கு நடுவே உதைத்து அனுப்பினால் ஃபீல்ட் கோல், மூன்று புள்ளி. இவ்வளவு போதும்.

2012இல் ஆபர்ன் இருந்த நிலையை முதலில் பார்த்துவிட வேண்டும். 2010இல் கேம் நியூட்டனை வைத்து 14 ஆட்டத்திலும் ஜெயித்துத் தேசிய சாம்பியனான அணி, இரண்டே வருடத்தில் 3 வெற்றி, 9 தோல்வி என்று விழுந்தது. எஸ்.இ.சி. எனப்படும் சவுத்ஈஸ்டர்ன் கான்ஃபரன்ஸுக்குள் ஆடிய எட்டு ஆட்டத்திலும் தோல்வி. ஜார்ஜியாவிடம் 38-0, அலபாமாவிடம் 49-0. அலபாமா மாநிலத்துக்குள்ளேயே இருக்கும் பரம வைரியிடம் ஒரு புள்ளிகூட எடுக்காமல் தோற்பது என்றால், அந்த ஊரில் அடுத்த ஒரு வருடத்துக்கு அலுவலகத்திலும் சர்ச்சிலும் அதைக் கேட்டுக்கொண்டே இருக்க வேண்டும். பயிற்சியாளர் ஜீன் சிசிக்கை நீக்கினார்கள்.

இன்னொரு துக்கமும் இருந்தது. ஊரின் நடுவே டூமர்ஸ் கார்னர் என்ற சந்திப்பில் இரண்டு பெரிய ஓக் மரங்கள். ஜெயிக்கும்போதெல்லாம் ரசிகர்கள் அங்கே கூடி டாய்லெட் பேப்பர் சுருள்களைக் கிளைகளின் மேல் வீசி மரத்தையே வெள்ளையாக்கிவிடுவார்கள். 2010 சீசனில் ஆபர்ன் அலபாமாவைத் தோற்கடித்த பிறகு, அலபாமா ரசிகர் ஒருவர் அந்த மரங்களுக்கு விஷம் வைத்துவிட்டார். காப்பாற்ற எவ்வளவோ பாடுபட்டும் முடியவில்லை. 2013 ஏப்ரலில் வெட்டி எடுத்தார்கள். அதற்குச் சில நாட்கள் முன்பு, அணி தனக்குள்ளேயே ஆடும் வசந்தகாலப் பயிற்சி ஆட்டத்துக்கு 83,000 பேருக்கு மேல் வந்தார்கள். ஒன்பது ஆட்டம் தோற்ற அணியின் பயிற்சியைப் பார்க்க! மரங்களுக்கு விடைகொடுக்க வந்தவர்கள் அதில் ஏராளம்.

புதுப் பயிற்சியாளர் கஸ் மால்சான். ஊருக்குப் புதியவர் அல்ல. 2010 சாம்பியன் அணியின் தாக்குதலை வடிவமைத்தவர் அவர்தான். இடையில் ஒரு வருடம் அர்கன்சா ஸ்டேட்டில் தலைமைப் பயிற்சியாளராக இருந்துவிட்டுத் திரும்பினார். பள்ளிக்கூட அணிகளைப் பயிற்றுவித்தே வளர்ந்த மனிதர், அந்த நாட்களிலிருந்தே அவருக்கு ஒரே வெறி: வேகம். ஒரு முயற்சி முடிந்ததும் வீரர்கள் வட்டமாகக் கூடிப் பேசுவதெல்லாம் கிடையாது. ஓரத்திலிருந்து சைகை வரும், வரிசையில் நிற்பார்கள், பந்து கிளம்பிவிடும். எதிரணியின் பருத்த தடுப்பாளர்களுக்கு மூச்சு வாங்க நேரமிருக்காது, ஆளை மாற்றவும் முடியாது.

இந்தத் தாக்குதலை ஓட்ட அவருக்குக் கிடைத்த குவார்ட்டர்பேக், அதாவது பந்தை முதலில் வாங்கி எறிபவர், நிக் மார்ஷல். ஜார்ஜியா பல்கலைக்கழகத்தில் தடுப்பாட்டக்காரராக, கார்னர்பேக்காக இருந்தவர். அங்கிருந்து நீக்கப்பட்டு, கான்சஸில் ஒரு ஜூனியர் கல்லூரியில் ஆடிவிட்டு 2013இல் ஆபர்ன் வந்தார். பந்தெறிவதில் அப்படியொன்றும் துல்லியம் கிடையாது. ஆனால் கால்கள்! அவருக்குப் பக்கத்தில், பந்தை வாங்கிக்கொண்டு ஓடும் ரன்னிங் பேக் ட்ரே மேசன். முன்வரிசையில் கிரெக் ராபின்சன். அடுத்த வருடம் என்.எஃப்.எல். என்ற தொழில்முறை லீக் புது வீரர்களைத் தேர்ந்தெடுக்கும் டிராஃப்டில் இரண்டாவது ஆளாக எடுக்கப்பட்டவர். இவர்களோடு ஜே பிராஷ் என்ற ஃபுல்பேக். பந்தைத் தொடுவதே அபூர்வம், வழியில் நிற்பவர்களை இடித்துத் தள்ளுவதுதான் அவர் வேலை. என்னைக் கேட்டால் அந்த அணியில் ரசித்துப் பார்க்க வேண்டிய ஆள் அவர்தான். கேமரா பந்தின் பின்னால் போகும்போது நீங்கள் அவரைப் பாருங்கள்.

இப்போது முக்கியமான விஷயம், 'ஜோன் ரீட்'. மார்ஷலும் மேசனும் பக்கம் பக்கமாக நிற்கிறார்கள். பந்து மார்ஷல் கைக்கு வருகிறது. முன்வரிசை எல்லோரையும் தடுக்கிறது, ஒரே ஒரு ஆளைத் தவிர. ஓரத்தில் நிற்கும் அந்தத் தடுப்பாளரை வேண்டுமென்றே விட்டுவிடுகிறார்கள். மார்ஷல் பந்தை மேசனின் வயிற்றில் வைக்கிறார், விடுவதில்லை. கண் முழுக்க அந்த ஓரத்து ஆளின் மேல். அவர் மேசனைப் பிடிக்க உள்ளே பாய்ந்தால், மார்ஷல் பந்தை உருவிக்கொண்டு அவர் விட்டுப்போன இடத்தில் ஓடுகிறார். அவர் அசையாமல் நின்றால், மேசன் நடுவில் புகுந்து போகிறார். தடுப்பாளர் எதைச் செய்தாலும் தப்பு. யாரும் அவரைத் தொடாமலே அவர் ஆட்டத்துக்கு வெளியே போய்விடுகிறார். முன்வரிசைக்கு ஒரு ஆள் மிச்சம். இதைக் கண்டுபிடித்தவர் மால்சான் அல்ல, பல வருடங்களாக இருந்த வித்தை. இந்த வேகத்தில், இந்த முன்வரிசையோடு, சற்றும் தயங்காத மார்ஷல் செய்தபோதுதான் அது வேறு பொருளானது. அந்த வருடம் ஒரு ஆட்டத்துக்குச் சராசரியாக 328.3 யார்டு ஓடியே எடுத்து, நாட்டிலேயே முதலிடம் பிடித்தது ஆபர்ன்.

ஆனால் செப்டம்பரில் இதெல்லாம் இன்னும் பழுக்கவில்லை. முதல் ஆட்டத்தில் வாஷிங்டன் ஸ்டேட்டை 31-24 என்று தட்டுத்தடுமாறி ஜெயித்தார்கள். மிசிசிப்பி ஸ்டேட்டுக்கு எதிராக, 88 யார்டு போக வேண்டிய கடைசி வாய்ப்பில், 10 நொடி மிச்சமிருக்கும்போது மார்ஷல் எறிந்து 24-20. அடுத்த வாரம் எல்.எஸ்.யு. மைதானத்தில், மழையில், பாதி ஆட்டத்தில் 21-0 என்று பின்தங்கி, 35-21 என்று தோற்றார்கள். இரண்டாம் பாதியை மட்டும் பார்த்தால் ஆபர்ன் 21, எல்.எஸ்.யு. 14. திருப்பம் எங்கே என்று கேட்டால் நான் அந்த இரண்டாம் பாதியைத்தான் காட்டுவேன். மால்சான் அங்கே ஓட்டத்தை நம்ப ஆரம்பித்தார், அதற்குப் பிறகு கைவிடவே இல்லை.

அக்டோபர் 19, டெக்சஸ் ஏ அண்ட் எம் மைதானம். எதிரில் அந்த நாட்களில் நாடே கொண்டாடிய ஜானி மேன்சியல். ஆபர்ன் தரவரிசையில் 24, அவர்கள் 7. இரண்டு பக்கமும் புள்ளிகளைக் குவித்துக்கொண்டே போனார்கள். ஒரு நிமிடம் 19 நொடி இருக்கும்போது மேசன் டச்டவுன், 45-41. கடைசியில் ஆபர்னின் டீ ஃபோர்ட் மேன்சியலைக் கீழே சாய்த்ததும் ஆட்டம் முடிந்தது. அன்றைக்குத்தான் மற்ற ஊர்க்காரர்களும் ஆபர்னைத் திரும்பிப் பார்த்தார்கள்.

இனி அந்த அதிர்ஷ்ட ஆட்டம். நவம்பர் 16, சொந்த மைதானமான ஜோர்டன்-ஹேரில் ஜார்ஜியா. நான்காவது கால்பகுதியில் 37-17 என்று முன்னிலையில் இருந்த ஆபர்ன் அதை அப்படியே கோட்டைவிட்டது. ஜார்ஜியா தொடர்ந்து 21 புள்ளி எடுத்து 38-37. நேரம் கிட்டத்தட்ட ஓடிவிட்டது. ஆபர்ன் தன் 27 யார்டு கோட்டில், நான்காவது முயற்சி, 18 யார்டு வேண்டும். மார்ஷல் பின்னால் போய் வானத்தைப் பார்த்து எறிந்தார். ஆபர்னின் ரிக்கார்டோ லூயிசைச் சுற்றி இரண்டு ஜார்ஜியா வீரர்கள். பந்தைக் கீழே தட்டிவிட்டாலே ஜெயிப்பு அவர்களுக்கு. இருவருமே பந்துக்குப் பாய்ந்தார்கள். கையில் பட்ட பந்து மேலே எழும்பி, அவர்களைத் தாண்டி ஓடிக்கொண்டிருந்த லூயிசின் தோளுக்கு மேலாக இறங்கியது. தலையைத் திருப்பினார், கை நீட்டினார், ஒரு தரம் தடுமாறிப் பிடித்தார், உள்ளே போய்விட்டார். 73 யார்டு, 25 நொடி மிச்சம், 43-38.

இதற்கு நான் எந்தத் திறமை விளக்கமும் சொல்ல மாட்டேன். அதே எறிதலை நூறு முறை எறிந்தால் தொண்ணூற்று ஐந்துக்கு மேல் தோல்விதான். 20 புள்ளி முன்னிலையைத் தொலைத்த அணிக்கு அந்த வெற்றி தகாது என்று ஜார்ஜியாக்காரர்கள் சொன்னால், அவர்கள் சொல்வது நியாயம்.

அடுத்தது அலபாமா. இது வேறு ரகம்.

இரண்டு வாரம் கழித்து, நவம்பர் 30, அதே மைதானம். இரு அணிகளும் வருடா வருடம் ஆடும் இந்த ஆட்டத்துக்கு அயர்ன் பவுல் என்று பெயர். பயிற்சியாளர் நிக் சேபனின் அலபாமா முதலிடத்தில். 2011, 2012 இரண்டு வருடமும் தேசிய சாம்பியன், மூன்றாவதைக் குறிவைத்து ஒரு ஆட்டமும் தோற்காமல் வருகிறது. ஆபர்ன் நான்காவது. ஜெயிப்பவருக்குத்தான் எஸ்.இ.சி. இறுதியாட்டத்தில் இடம்.

வீடியோவில் வராத விஷயங்களைச் சொல்கிறேன். முதல் புள்ளியே மார்ஷல் 45 யார்டு ஓடி எடுத்தது. அலபாமா 21-7 என்று போனது. ஆபர்ன் 21-21க்கு இழுத்து வந்தது. நான்காவது கால்பகுதியில் தன் எண்ட் ஜோனை ஒட்டி மாட்டிக்கொண்ட அலபாமா, அங்கிருந்து ஒரே எறிதலில் அமாரி கூப்பர் வழியாக 99 யார்டு டச்டவுன் அடித்தது. எந்த அணியும் அதோடு உடைந்துபோயிருக்கும். ஆபர்ன் மறுபடி ஓடத்தான் செய்தது. அந்த நாள் முடிவில், நாட்டின் மிகச் சிறந்த தடுப்புகளில் ஒன்றுக்கு எதிராக 296 யார்டு ஓடியே எடுத்திருந்தார்கள். மேசன் மட்டும் 164.

மறுபக்கம் அலபாமாவின் உதைப்பவர் கேட் ஃபாஸ்டருக்கு அன்று எதுவும் சரியாக அமையவில்லை. இரண்டு உதைகள் விலகிப் போயின. ஒன்றை ஆபர்ன் தடுத்துவிட்டது. அந்தப் பையனை நினைத்தால் இன்றும் மனசு கஷ்டப்படுகிறது. பிறகு அவருக்கு வந்த வசவுகளும் மிரட்டல்களும் எந்த விளையாட்டிலும் எவருக்கும் வரக்கூடாதவை. ஆனால் அந்த உதைகள் சேபனின் கணக்கை மாற்றின. ஆபர்னின் 13 யார்டு கோட்டில், ஒரு யார்டு வேண்டிய நான்காவது முயற்சியில், சுலபமான மூன்று புள்ளிக்கு உதைக்காமல் ஓடிப் பார்த்தார்கள். ஆபர்ன் நிறுத்திவிட்டது.

28-21. ஆபர்னுக்குக் கடைசி வாய்ப்பு, தன் 35 யார்டு கோட்டிலிருந்து. நேரம் இல்லை, எறியத்தான் வேண்டும் என்று யாரும் நினைப்பார்கள். மால்சான் ஓடத்தான் சொன்னார். மேசன், மறுபடி மேசன், மறுபடி மேசன். அலபாமாவின் 39 யார்டு கோடு வரை அப்படியே. அடுத்த முயற்சியும் அதே தோற்றம்: மார்ஷல் பந்தை மேசனிடம் வைத்து உருவி, இடது பக்கம் ஓடுகிறார். அவரைப் பிடிக்க ஓரத்தில் இருந்த அலபாமா கார்னர்பேக் முன்னே வருகிறார். அவர் காவல் காக்க வேண்டிய சாமி கோட்ஸ் பின்னால் தனியாக நிற்கிறார். பந்து கிளம்பிய கோட்டைத் தாண்டுவதற்குச் சற்று முன்னால் மார்ஷல் பந்தைத் தூக்கிப் போட்டார். கோட்ஸ் பிடித்தார், ஓடினார், டச்டவுன். 28-28, 32 நொடி மிச்சம். மூன்று மாதமாக ஓடிக்கொண்டே இருந்ததால்தான் அந்தக் கார்னர்பேக் அந்த ஒரு அடியை முன்னே வைத்தார். அந்த சீசன் முழுவதிலும் எனக்குப் பிடித்த தருணம் இதுதான், கடைசி ஓட்டம் அல்ல.

அப்புறம் அந்தக் கடைசி ஓட்டம். அலபாமாவின் டி.ஜே. யெல்டன் ஓடி ஆபர்னின் 38 யார்டு கோட்டருகே வெளியே போனார். கடிகாரம் பூஜ்யம். சேபன் ஒரு நொடி மிச்சம் இருந்தது என்று வாதாடினார். நடுவர்கள் வீடியோ பார்த்து அந்த ஒரு நொடியைத் திருப்பிக் கொடுத்தார்கள். 57 யார்டு ஃபீல்ட் கோல் முயற்சி, இந்த முறை உதைப்பது ஆடம் கிரிஃபித். மால்சான் டைம்-அவுட் கேட்டார். பின்னால் கம்பத்தடியில் நிற்க முதலில் ரையன் ஸ்மித்தைத்தான் அனுப்பியிருந்தார்கள். டைம்-அவுட்டில் அவரை எடுத்துவிட்டு, பந்தைத் திருப்பி ஓடுவதில் கைதேர்ந்த கிறிஸ் டேவிஸை நிறுத்தினார்கள்.

ஃபீல்ட் கோல் உதை கம்பத்தை எட்டாமல் விழுந்தால், தடுக்கும் அணி அதைப் பிடித்து ஓடலாம். அது எல்லா அணிக்கும் தெரிந்த விதிதான். ஆனால் உதைக்கும் அணியில் நிற்பவர்கள் யார் என்று பாருங்கள்: முன்வரிசையின் பருத்த ஆட்கள். உதைப்பவருக்குச் சுவராக நிற்கத்தான் அவர்கள் இருக்கிறார்கள், திறந்த வெளியில் ஒரு கார்னர்பேக்கைத் துரத்திப் பிடிக்க அல்ல. உதை குட்டையாக விழுந்தது. டேவிஸ் எண்ட் ஜோனின் கடைசிப் பகுதியில் பிடித்து, நடுவில் கொஞ்சம் வந்து, இடது ஓரத்துக்குத் திரும்பினார். பக்கக்கோட்டை மிதித்துவிடுவாரோ என்று மூச்சடைக்கும் தூரம். அவர் முன்னே ஆபர்ன் வீரர்கள் சுவர் கட்டிக்கொண்டே ஓடினார்கள். 109 யார்டு, புள்ளிவிவரப் புத்தகத்தில் 100 என்றுதான் ஏறும். 34-28.

இதில் அதிர்ஷ்டம் எங்கே? உதை குட்டையாக விழுந்ததில் கொஞ்சம் உண்டு. மிச்சமெல்லாம் முடிவுகள். அந்த ஒரு நொடியைக் கேட்டு வாங்கியவர் சேபன். அந்தத் தூரத்திலிருந்து உதைக்கத் தீர்மானித்தவரும் அவர். டேவிஸை அங்கே நிறுத்தியவர் மால்சான். அந்த உதை நடக்காமல் கூடுதல் நேரத்துக்குப் போயிருந்தாலும், களைத்துப்போன அலபாமாத் தடுப்புக்கு எதிராக ஆபர்ன் ஓடிக்கொண்டே இருந்திருக்கும் என்பது என் கணிப்பு. அன்று இரவு டூமர்ஸ் கார்னரில் மரம் இல்லை. அந்த சீசனுக்காகக் கம்பங்களுக்கு நடுவே கட்டியிருந்த கம்பிகளின் மேல் காகிதச் சுருள்களை வீசினார்கள்.

வெறும் அதிர்ஷ்டம் என்பவர்களுக்கு நான் காட்டுவது அடுத்த வாரம், டிசம்பர் 7, அட்லாண்டாவில் நடந்த எஸ்.இ.சி. இறுதியாட்டத்தை. மிசௌரியின் தடுப்பு முன்வரிசை பெரிதாகப் பேசப்பட்டது. ஆபர்ன் அவர்கள் மேல் 545 யார்டு ஓடியது. மேசன் 46 முறை பந்தை எடுத்து 304 யார்டு, நான்கு டச்டவுன். 59-42. பந்து எங்கும் பட்டுத் தெறிக்கவில்லை. வருவது ஓட்டம்தான் என்று தெரிந்தும் மிசௌரியால் நிறுத்த முடியவில்லை. அதே இரவில், தரவரிசையில் ஆபர்னுக்கு முன்னே இருந்த ஒஹையோ ஸ்டேட் மிச்சிகன் ஸ்டேட்டிடம் தோற்றதால், ஆபர்னுக்குத் தேசிய இறுதியாட்டத்தில் இடம் கிடைத்தது. சரி, அதையும் அதிர்ஷ்டக் கணக்கில் எழுதிக்கொள்ளுங்கள்.

2014 ஜனவரி 6, கலிஃபோர்னியாவில் பசடீனா. எதிரில் ஒரு ஆட்டமும் தோற்காத ஃபுளோரிடா ஸ்டேட். ஆபர்ன் 21-3 என்று முன்னால் போனது. ஃபுளோரிடா ஸ்டேட் மெல்ல மெல்ல நெருங்கி வந்து, நாலரை நிமிடம் இருக்கும்போது ஒரு கிக்-ஆஃபை 100 யார்டு திருப்பி ஓடி முந்தியது. ஒரு நிமிடம் 19 நொடி இருக்கும்போது மேசன் 37 யார்டு ஓடி 31-27. அந்த ஆட்டத்தில் மேசன் எடுத்தது 195 யார்டு. சீசன் மொத்தம் 1,816 என்று ஆகி, 1985இல் போ ஜாக்சன் வைத்த ஆபர்ன் சாதனையைத் தாண்டியது. ஃபுளோரிடா ஸ்டேட்டின் குவார்ட்டர்பேக் ஜேமிஸ் வின்ஸ்டன் அதன் பிறகு மைதானத்தை அளந்துகொண்டு வந்தார். எண்ட் ஜோனில் எதிராளியை இடித்ததாக ஒரு பெனால்ட்டி விழுந்து, பந்து இரண்டு யார்டு கோட்டுக்கு வந்தது. பெனால்ட்டி கிறிஸ் டேவிஸ் மேல். அடுத்த எறிதலை, 13 நொடி மிச்சத்தில், உயரமான கெல்வின் பெஞ்சமின் எட்டிப் பிடித்தபோது அவரைக் காவல் காத்தவரும் டேவிஸ்தான். 34-31. டேவிஸ் அங்கே பெரிதாக எதுவும் தப்புச் செய்துவிடவில்லை. அவரைவிட அவ்வளவு உயரமான ஆளுக்கு மேலாகப் போட்ட பந்தை யார் நின்றிருந்தாலும் தடுப்பது கடினம்.

12 வெற்றி, 2 தோல்வி. அதில் ஆறு வெற்றி எட்டுப் புள்ளிக்குள் வந்தவை. அவ்வளவு நெருக்கமான ஆட்டங்களில் ஆறையும் ஜெயிப்பது எந்த அணிக்கும் வருடா வருடம் நடக்காது. 2014இல் அது தெரிந்தது. மார்ஷல் இருந்தார், மேசனும் ராபின்சனும் என்.எஃப்.எல்.லுக்குப் போய்விட்டார்கள். டெக்சஸ் ஏ அண்ட் எம்முக்கு எதிராக ஜெயிக்கும் நிலையில் கடைசி நிமிடங்களில் பந்தை நழுவவிட்டு 41-38 என்று தோற்றார்கள். அலபாமாவிடம் 55-44. சீசன் 8-5. ஆக, ஓட்டம் அந்த அணியை எல்லா ஆட்டத்திலும் கடைசி நிமிடம் வரை கொண்டுவந்தது, 2013இல் கடைசி நிமிடங்கள் பெரும்பாலும் அவர்கள் பக்கம் விழுந்தன. தடுப்பு அத்தனை வலுவாக இருந்திருந்தால் கடைசி நிமிடம் வரை வந்திருக்கவே வேண்டாம். ஜார்ஜியா ஆட்டத்தில் கையில் இருந்ததை இழந்தது தடுப்பால்தான்.

எதில் தொடங்குவது என்றால், மிசௌரி ஆட்டத்தில் தொடங்குங்கள். பதற்றம் குறைவு, அதனால் ஓரத்தில் தனியாக விடப்படும் அந்தத் தடுப்பாளரை ஒவ்வொரு முறையும் நிதானமாகக் கவனிக்கலாம். அவர் உள்ளே வருகிறாரா நிற்கிறாரா என்று பார்த்தாலே பந்து யாரிடம் போகும் என்று உங்களுக்கு முன்கூட்டியே தெரிய ஆரம்பிக்கும். அந்தக் கண் வந்த பிறகு அலபாமா ஆட்டத்தை முதல் நிமிடத்திலிருந்து பாருங்கள். ஜார்ஜியா ஆட்டத்துக்கு நான்காவது கால்பகுதி மட்டும் போதும். பசடீனாவைக் கடைசியில் வைத்துக்கொள்ளுங்கள், முழுதாக, இடையில் எழுந்துபோகாமல்.